மொட்டைமாடியில் மௌனப்படம்: வாசகர் கேள்வி - பதில்

சென்ற இதழில் 1920களில் பாரிசில் எடுக்கப்பட்ட சர்ரியலிச (கனவு மாதிரி தர்க்கத்துக்கு அடங்காத) மௌனக் குறும்படங்கள், அவற்றின் தந்திரக் காட்சிகள் பற்றி ஒரு கட்டுரை வந்தது. அதையொட்டி வடசென்னை வாசகர்கள் நிறையவே கேட்டிருக்கிறார்கள். நாமும் எடுத்துப் பார்க்கலாமே, திரையிடலாமே என்ற எண்ணத்தோடு கேட்டவர்களுக்கு முதலிடம் கொடுத்திருக்கிறோம். அர்த்தம் கேட்டவர்கள் பொறுத்தருள்க.

கேள்வி: லூயி புனுவலும் சால்வடோர் டாலியும் எடுத்த 'ஆன் ஷியன் ஆந்தலூ' ஓரிடத்தில் 16 நிமிடம் ஓடுகிறது, இன்னோரிடத்தில் 21 நிமிடம். நடுவில் 5 நிமிடத்தை வெட்டியது யார், தணிக்கையா?
- ர.க., தண்டையார்பேட்டை

பதில்: யாரும் வெட்டவில்லை. இரண்டும் ஒரே படம், ஓட்டும் வேகம்தான் வேறு. 35 மி.மீ. சுருளில் 1 அடிக்கு 16 சட்டகம் (ஃபிரேம்). நொடிக்கு 24 சட்டகம் ஓட்டினால் நிமிடத்துக்கு 90 அடி போகும். 18 ஓட்டினால் 67.5 அடிதான் போகும். 16ஐ 24ஆல் பெருக்கி 18ஆல் வகுங்கள், 21 நிமிடம் 20 நொடி வருகிறதா? நீங்கள் தேடும் 5 நிமிடம் அதுதான்.

அந்தக் காலத்துக் கைச்சுற்றுக் கேமராவில் கைப்பிடி ஒரு சுற்று சுற்றினால் 8 சட்டகம் பதிவாகும். நொடிக்கு 2 சுற்று, அதாவது 16 சட்டகம் என்பது பொது வழக்கம். ஆனால் சுற்றுபவரின் கை, காட்சியின் தேவை, அடுத்த ஆட்டத்துக்கு நேரமாகிவிட்டதே என்ற கொட்டகைக்காரரின் அவசரம் எல்லாம் சேர்ந்து வேகம் 16க்கும் 24க்கும் நடுவில் எங்கெங்கோ நின்றது. எந்த வேகம் சரி என்று பார்க்க முகத்தைப் பார்க்காதீர்கள். நடக்கிறவர் பாதத்தையும், கீழே விழும் துணியையும் பாருங்கள். துணி கல் மாதிரி விழுந்தால் வேகம் அதிகம்.

கையில் இருப்பது 16 நிமிடக் கோப்பு என்றால் பிளேயரில் வேகத்தை 0.75 என்று வையுங்கள், 18 ஆகிவிடும். ஒலியை அடைத்துவிடுங்கள். அதிலிருக்கும் வாக்னர் இசையும் டாங்கோவும் 1960ல் புனுவல் சொற்படி சேர்க்கப்பட்டவை, மெதுவாக்கினால் ஊளையிடும். 1929 ஜூன் 6ல் பாரிசில் நடந்த முதல் காட்சியில் புனுவலே திரைக்குப் பின்னால் நின்று கிராமபோனில் தட்டுகளை மாற்றி மாற்றிப் போட்டார். நீங்களும் இசையைத் தனியாகப் போடலாம்.

இன்னொன்று. ஒலித்தடத்தோடு மறுபடி அச்சிட்ட மௌனப்படங்களில், சில சமயம் படத்தின் இடது ஓரம் அந்தத் தடத்துக்குப் பலியாகியிருக்கும். இடப்பக்கம் நிற்பவருக்கு எப்போதும் ஒரு காது இல்லையென்றால் அது சர்ரியலிசம் இல்லை, அச்சுக்கூட வேலை.

கேள்வி: அதே படம். அர்த்தம் என்ன? கண்ணை அறுப்பது நிஜமா?
- பெயர் வேண்டாம் என்கிறார், கொருக்குப்பேட்டை

பதில்: ஒரு காட்சிக்கு அறிவுக்குப் பொருந்தும் விளக்கம் கிடைத்துவிட்டால் அந்தக் காட்சி வேண்டாம். இதுதான் கதை எழுத உட்கார்ந்தபோது இருவரும் வைத்துக்கொண்ட விதி. கண் இறந்த கன்றுக்குட்டியுடையது. கத்தி பிடிப்பவர் புனுவல். குழந்தைகள் உட்கார்ந்திருந்தால் முதல் 2 நிமிடத்தைத் தாண்டிவிட்டுப் போடுங்கள்.

கேள்வி: ரெனே கிளேரின் 'ஆந்த்ராக்ட்' கடைசியில் சவப்பெட்டியிலிருந்து எழுந்து வருகிறவர் கோலை நீட்டி ஒவ்வொருவராக மறைய வைக்கிறார். தெருப் பையன்களை வைத்து செல்பேசியில் அதை எடுத்தோம். ஆள் மறைகிறான், கூடவே சுவரும் துள்ளுகிறது, வெளிச்சமும் குதிக்கிறது.
- மு.வே., கல்மண்டபம்

பதில்: நீங்கள் நிறுத்து பொத்தானை அழுத்துகிறீர்கள், அந்த அழுத்தத்தில் செல்பேசி ஒரு நூல் நகர்கிறது. சுவர் துள்ளுவது அதனால். நிறுத்தவே நிறுத்தாதீர்கள். 1924ல் ஃபிலிம் காசு, அதனால் கேமராவை நிறுத்தினார்கள். உங்களுக்கு அந்தச் செலவு கிடையாது. ஸ்டாண்டில் பூட்டி, விமானப் பயன்முறையில் போட்டு, ஓடவிட்டுவிடுங்கள். "சிலை" என்று ஒருவர் குரல் கொடுக்க எல்லோரும் உறைய வேண்டும். மறைய வேண்டியவன் மட்டும் வெளியே நடக்கிறான். "போ" என்றதும் மற்றவர்கள் விட்ட இடத்திலிருந்து தொடர்கிறார்கள். நடுவில் இருப்பதை எடிட்டிங்கில் எடுத்துவிட்டால் போதும்.

வெளிச்சம் குதிப்பது தானியங்கி ஒளியளவால். வெள்ளைச் சட்டைக்காரன் போனதும் செல்பேசி 'இருட்டாகிவிட்டதே' என்று திறந்துகொள்கிறது. திரையில் விரலை அழுத்திப் பிடித்தால் பூட்டுக் குறி வரும், ஒளியும் குவியமும் நின்றுவிடும். டியூப் லைட், எல்.இ.டி. விளக்கில் எடுத்தால் நொடிக்கு 25 சட்டகம், ஷட்டர் 1/50 அல்லது 1/100. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்; வேறு எண் வைத்தால் படம் முழுக்க பட்டை பட்டையாக ஓடும்.

வெட்டும் இடம் முக்கியம். கோல் நின்றபிறகு வெட்டினால் உறைந்த நிலை கண்ணில் படும். கோல் இறங்கிக்கொண்டிருக்கும் கடைசி 1, 2 சட்டகத்தில் வெட்டுங்கள். பார்ப்பவர் கண் கோலின் பின்னால் போய்க்கொண்டிருக்கும். உறைகிறவர்கள் வாயை மூடி, ஒரே புள்ளியைப் பார்த்து நிற்கட்டும். காட்டிக்கொடுப்பது கால் இல்லை, கருவிழி. ஆள் வெளியேற 10 நொடிக்கு மேல் எடுக்க வேண்டாம், நிழல் நகரும். மேகம் மூடி மூடித் திறக்கும் நாளைத் தவிருங்கள். மேலே கம்பியில் காக்கை இருக்கிறதா என்றும் பாருங்கள். ஆளோடு அதுவும் மறைந்தால் தந்திரம் அம்பலம்.

பழைய ஆட்களுக்கும் இதே தலைவலிதான். கையால் சுற்றும் கேமரா நின்று கிளம்பும்போது வேகம் பிடிக்க நேரமாகும், அந்தச் சில சட்டகங்கள் அதிக ஒளி வாங்கி வெளுத்துப் போகும். அதனால் ஜார்ஜ் மெலியே 1900ஐ ஒட்டிய தன் தந்திரப் படங்களில் கேமராவை நிறுத்தியதோடு விடவில்லை. வெளுத்த பகுதியை வெட்டி, சுருளை ஒட்டினார். நம் நாட்டில் பால்கே புராணப் படங்களுக்கு இதே கத்திரியைப் பயன்படுத்தினார். அங்கே மாயாவி மறைந்தார், இங்கே சாமி மறைந்தது.

கேள்வி: மான் ரே கேமராவே இல்லாமல் படம் எடுத்தார் என்று எழுதியிருந்தீர்கள். வீட்டில் செய்ய வழியுண்டா? பள்ளியில் கோடை முகாமுக்காகக் கேட்கிறேன்.
- ஆசிரியை, பெரம்பூர்

பதில்: உண்டு, டீச்சர். முதலில் அவர் செய்தது. 1923ல் 100 அடி ஃபிலிம் வாங்கி, இருட்டறையில் துண்டுகளாக வெட்டி மேசையில் குத்திவைத்தார். சிலவற்றின் மேல் உப்பும் மிளகும் தூவினார், சிலவற்றின் மேல் குண்டூசியும் ஆணியும் இறைத்தார். வெள்ளை விளக்கை ஓரிரு நொடி போட்டு அணைத்தார். அந்த ஜூலையில் நடந்த கலைக் கூட்டத்தில் திரையிட்டபோது சுருள் 2 முறை அறுந்ததாம். சட்டகக் கோடுகளை அவர் பொருட்படுத்தவேயில்லை. ஆணியின் தலை ஒரு சட்டகத்தில், நுனி அடுத்ததில். திரையில் அது வெடித்து வெடித்து ஆடுவதற்குக் காரணம் இதுதான்.

ஃபிலிமுக்குப் பதில் வெயில் பட்டு நீலமாகும் சயனோடைப் காகிதம் போதும், வெயில்தான் விளக்கு. ஃபெரிக் அமோனியம் சிட்ரேட் (பச்சை வகை) 25 கிராம் 100 மி.லி. தண்ணீரில், பொட்டாசியம் ஃபெரிசயனைடு 10 கிராம் இன்னொரு 100 மி.லி.யில். தனித்தனி அடர்நிற பாட்டிலில் வையுங்கள். பூசும் அன்று மட்டும் சம அளவு கலக்குங்கள். ஏ4 தாள் ஒன்றுக்கு மொத்தம் 2 மி.லி. போதும். கொஞ்சம் கனமான ஓவியத்தாளில் மஞ்சள் குண்டு பல்பு வெளிச்சத்தில் பூசி, இருட்டில் உலர்த்துங்கள். தாளில் பென்சிலால் 3க்கு 4 என்று 12 கட்டம். 5 தாள் என்றால் 60 கட்டம், நொடிக்கு 12 வீதம் 5 நொடிப் படம். உப்பு, ஊசி, நூல், வடிகட்டி, மீன்முள் என்று எதையும் வைக்கலாம். கட்டத்துக்குள் அடக்கமாக வைக்காதீர்கள், கோட்டைத் தாண்டட்டும். உச்சி வெயிலில் 5 முதல் 10 நிமிடம். தாள் மஞ்சள்பச்சையிலிருந்து சாம்பல் கலந்த பழுப்புக்கு வந்ததும் எடுத்துத் தண்ணீரில் அலசுங்கள். பொருள் இருந்த இடம் வெள்ளை, மற்றது நீலம். கட்டம் கட்டமாகச் செல்பேசியில் பிடித்து வரிசையாக ஓட்டுங்கள்.

கெட்டுப்போகும் இடங்கள் இரண்டு. நம் ஊர்ப் புழுக்கத்தில் பூசிய தாள் இரவுக்குள் தானே நீலம் தட்டிவிடும், அதனால் அன்றே முடித்துவிடுங்கள். இரண்டாவது தண்ணீர். காரம் சேர்ந்த போர்வெல் தண்ணீரில் அலசினால் நீலம் வெளிறும். முதல் அலசலுக்குக் குடிநீர் கேன், 1 லிட்டருக்கு 2 தேக்கரண்டி வினிகர். உப்புக்கல் ஈரம் இழுத்துத் தாளில் ஒட்டிக்கொண்டால் கண்ணாடித் தாளை இடையில் விரியுங்கள். ஃபெரிசயனைடு பக்கத்தில் வீரியமான அமிலம், குறிப்பாக கழிப்பறை கழுவும் ஆசிட், வரவே கூடாது. நச்சு வாயு கிளம்பும். பொடியை எடை போடுவதும் கரைப்பதும் உங்கள் வேலை, கையுறையோடு. பிள்ளைகளிடம் பூசிய தாளைக் கொடுத்தால் போதும்.

கேள்வி: எங்கள் மாடியில் 8 அடிக்கு 6 அடி திரை கட்டி இந்தப் படங்களைப் போட ஆசை. புரொஜெக்டர் வாடகைக்குக் கிடைக்கிறது. என்ன பார்த்து வாங்க வேண்டும்?
- சா.பி., திருவொற்றியூர்

பதில்: 8க்கு 6 சரியான தேர்வு, மௌனப்பட சட்டகம் 4:3 விகிதம்தான். ஆனால் வாடகைக்கு வருவது 16:9 புரொஜெக்டராக இருக்கும். படத்தின் உயரம் 6 அடி வேண்டுமென்றால் அதன் முழு அகலம் 10 அடி 8 அங்குலம் என்று கணக்கு வையுங்கள். இருபக்கமும் கறுப்புப் பட்டை திரைக்கு வெளியே விழும். வீச்சு விகிதம் (தூரத்தைப் படத்தின் முழு அகலத்தால் வகுத்தது) 1.5 என்று எழுதியிருந்தால் திரையிலிருந்து 16 அடி தள்ளி வைக்க வேண்டும். 8 அடியை 1.5ஆல் பெருக்கி 12 அடியில் மேசை போட்டவர்களுக்குப் படம் திரைக்குள் சுருங்கிப்போகும். பட்டை அசிங்கமாக இருக்கிறது என்று படத்தை இழுத்து அகலமாக்குவது மட்டும் வேண்டாம். மான் ரேயின் படங்களில் வரும் கிகி குட்டையாகத் தெரிவார்.

வெளிச்சம்: பட்டை போக மிஞ்சுவது முக்கால் பங்கு. ஆன்சி லூமன் (தரமுறைப்படி அளந்த வெளிச்சம்) 1000 என்றால் உங்கள் திரைக்கு 750. பரப்பு 48 சதுர அடி, சதுர அடிக்கு 15 முதல் 16. திரையரங்கத் தரமும் 16தான், அதனால் இருட்டான மாடிக்கு 1000 தாராளம். அட்டைப் பெட்டியில் வெறும் 'லூமன்' 9000 என்று போட்டிருந்தால் நம்பாதீர்கள், ஆன்சி எவ்வளவு என்று கேளுங்கள். பக்கத்துத் தெரு விளக்கு திரைமேல் நேராக விழுந்தால் இந்தக் கணக்கெல்லாம் போச்சு. கறுப்பு எல்லாம் சாம்பலாகும்.

திரைக்கு கொடவுன் தெருவில் கெட்டியான வெள்ளைக் காடாவும், பின்னால் வைக்கக் கறுப்புத் துணியும் எடுத்துக்கொள்ளுங்கள். கறுப்பு இல்லாவிட்டால் பாதி வெளிச்சம் பின்வீட்டுக்காரர் சுவருக்குப் போய்விடும், அவர் ஓசியில் பார்ப்பார். மாலைக் கடல்காற்று உங்களுக்குக் கிழக்கிலிருந்து வரும். திரை கிழக்கையோ மேற்கையோ பார்த்தால் பாய்மரம்தான். வடக்கோ தெற்கோ பார்க்கும்படி கட்டுங்கள், காற்று ஓரமாக வழுக்கிப் போகும். அடியில் 1 அங்குல பி.வி.சி. குழாயில் மணல் நிரப்பிக் கோத்துவிடுங்கள். உப்பு ஈரம் லென்சில் படியும். ஆட்டம் தொடங்கும் முன் ஒருமுறை மெல்லிய துணியால் துடைத்தால் போதும், சட்டைத் தலைப்பால் துடைக்காதீர்கள்.

படம் நூறாண்டுப் பழசானாலும் இணையத்தில் ஏற்றியவர் சேர்த்திருக்கும் இசை புதிது, அதன் உரிமை அவருடையது. வீட்டோடு பார்ப்பதில் சிக்கல் இல்லை. டிக்கெட் போட்டுப் பொதுவில் காட்டுவது வேறு சங்கதி, அதற்கு அனுமதிகள் உண்டு.

கேள்வி: எங்கள் கானா குழு துக்க வீடுகளில் பாடும். 'ஆந்த்ராக்ட்' சவ ஊர்வலத்துக்கு நேரடியாக வாசிக்கலாமா? அவமரியாதை ஆகிவிடுமோ?
- கா.செ., புளியந்தோப்பு

பதில்: தாராளமாக. ஒட்டகம் இழுக்கும் சவவண்டி, பின்னால் துள்ளித் துள்ளி ஓடும் கனவான்கள், அவிழ்ந்துகொண்டு ஓடும் வண்டி, கடைசியில் பெட்டிக்குள் இருந்தவரே சிரித்தபடி எழுந்து வருகிறார். செத்தவர் என்று யாரும் இல்லை. உங்கள் குழு இதற்குப் பொருந்தும் என்பதற்குத் தொழில்முறைக் காரணமும் இருக்கிறது. 1924 டிசம்பர் 4ல் பாரிசின் ஷான்ஸ் எலிசே அரங்கில் 'ரெலாஷ்' என்ற பாலேயின் இரண்டு அங்கத்துக்கு நடுவே இது காட்டப்பட்டபோது, எரிக் சாட்டி எழுதிய இசையைக் கீழே குழுவே வாசித்தது. அந்த இசை குட்டிக் குட்டித் துண்டுகள். ஒவ்வொன்றையும் படம் அடுத்த காட்சிக்குப் போகும்வரை திருப்பித் திருப்பி வாசிக்க வேண்டும். நடத்துநர் திரையைப் பார்த்துக் கை காட்டினால் அடுத்த துண்டு. சுற்றிச் சுற்றி அடித்து, தலைவர் கண் காட்டியதும் நடை மாற்றுவது உங்களுக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை.

வேகம் மூன்று நிலை வையுங்கள். ஊர்வலம் மெதுவோட்டத்தில் துள்ளும்போது பறையோ சட்டியோ ஒன்று மட்டும், கால் தரையைத் தொடும்போது அடி. நிமிடத்துக்கு 60 அடி சுமாராக வரும். சாதாரண ஓட்டத்துக்கு வந்ததும் டோலக் சேரட்டும், 100. வண்டி அவிழ்ந்து உருண்டதும் எல்லாம், 140க்கு மேல் மூச்சுப் பிடிக்கும் வரை. பெட்டி வயலில் விழும் இடத்தில் சட்டென்று நிறுத்தம். அந்த மௌனம் சிரிப்பைக் கூட்டும்.

பாட்டு வேண்டாம், குரல் மட்டும் போதும். கானாவின் பலமே போனவர் வாழ்க்கையைச் சொல்லும் வரிகள்தான். இங்கே சொல்ல ஆளில்லை. வரி வந்தால் காது அங்கே போய்க் கண் திரையை விட்டுவிடும். ஒரே ஒருவர் திரையைப் பார்த்து உட்காரட்டும், மற்றவர்கள் அவரைப் பார்க்கட்டும். நிமிடம் நொடி எழுதிவைத்த தாளை நம்பாதீர்கள், பிரதிக்குப் பிரதி மாறும். 'ஒட்டகம் தெரிந்தது', 'வண்டி அவிழ்ந்தது' என்று காட்சிக் குறியாக எழுதுங்கள். ஒரு கண்ணி இருக்கிறது: முடிவு அட்டை வந்ததும் மேளத்தைக் கீழே வைத்துவிடாதீர்கள். அந்த அட்டையைக் கிழித்துக்கொண்டு ஒருவர் வெளியே பாய்வார், உதை வாங்கிப் பின்னோக்கிப் போவார். அதற்கு ஒரு உருட்டு மிச்சம் வையுங்கள்.

கேள்வி: கறுப்பு வெள்ளையாக்கினால் அந்தக் காலத்துப் படம் மாதிரி வருவதில்லையே, ஏன்?
- வியாசர்பாடி வாசகர்

பதில்: 1920களின் நடுப்பகுதி வரை பெரும்பாலும் புழங்கிய ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது. உதட்டுச் சாயம் கறுப்பு, நீலக் கண் வெளுப்பு, நீலவானம் வெறும் வெள்ளை. எடிட்டிங் செயலியில் நிறக்கலவை என்ற பகுதியைத் திறந்து சிவப்பை 0, பச்சையை 40, நீலத்தை 60 என்று வையுங்கள், பக்கத்தில் வந்துவிடும். குங்குமம் கரும்பொட்டாகும், சிவப்புப் புடவை கறுப்புப் புடவையாகும். நம் தோலின் பழுப்பில் சிவப்புதான் அதிகம், அதனால் முகம் எதிர்பார்த்ததைவிட இரண்டு படி கருக்கும், பருத்தழும்பு எல்லாம் எழுந்து நிற்கும். கறுத்துவிட்டதே என்று மொத்த ஒளியைக் கூட்டினால் வானம் எரிந்துவிடும். முகத்துக்கு மட்டும் ஒரு வெள்ளைத் தெர்மாகோல் பலகையால் வெளிச்சத்தைத் திருப்பிவிடுங்கள். கீறல், புழுதி, நடுக்கம் சேர்க்கும் ஃபில்டர்கள் வேண்டாம். முதல் நாள் ஓடியபோது இந்தப் படங்களில் கீறல் இல்லை.

கேள்வி: 'ஆன் ஷியன் ஆந்தலூ'வில் உள்ளங்கை எறும்புகள், அக்குள் முடியாக மாறி, பிறகு கடல் முள்ளெலியாக மாறுகின்றன. கணினி இல்லாமல் எப்படி?
- து.ரா., எண்ணூர்

பதில்: ஒன்று மங்க ஒன்று தெளியும் கரைப்பு. ஒரு காட்சியின் முடிவில் லென்சின் துவாரத்தைச் சீராக மூடிக்கொண்டே வர வேண்டும், 32 சட்டகம் என்று வையுங்கள். மூடியதும் அதே 32ஐ எண்ணிப் பின்னால் சுற்றி, அடுத்த காட்சியை அதே சீரில் திறக்க வேண்டும். எண்ணிக்கை தப்பினால் நடுவில் கறுப்பு விழும், அல்லது இரண்டும் ஒன்றின்மேல் ஒன்று பளிச்சென்று ஏறிவிடும்.

கரைப்பை இப்போது விரல் தட்டினால் செயலி போட்டுத் தரும். வேலை வடிவத்தில் இருக்கிறது. எறும்புத் துளை, முடி, முள்ளெலி, பிறகு மேலிருந்து பார்க்கும் ஒரு பெண்ணின் தலை: நான்கிலும் நடுவில் ஒரு கரிய உருண்டை, விளிம்பில் பிசிறு. உருண்டை இடம் மாறினால் கண் தாவும், மாறியது தெரிந்துபோகும். முதல் காட்சியை எடுத்ததும் நிறுத்தி, செல்பேசித் திரைமேல் ஒட்டிய கண்ணாடித்தாளில் மார்க்கரால் உருண்டையை வரைந்துகொள்ளுங்கள். அடுத்த பொருளை அந்த வட்டத்துக்குள் நிரப்புங்கள். அளவு ஒத்துப்போவதைவிட மையம் ஒத்துப்போவது முக்கியம். வெளிச்சம் ஒரே பக்கத்திலிருந்து விழட்டும்.

கேள்வி: ஹான்ஸ் ரிக்டரின் பறக்கும் தொப்பிகளை எங்கள் பையன்கள் தூண்டில் நரம்பில் கட்டிப் பறக்கவிட்டார்கள். நரம்பு பளபளவென்று தெரிகிறது.
- காசிமேடு மீனவர் குடியிருப்பிலிருந்து ஒருவர்

பதில்: நரம்பு தண்ணீருக்குள் மறையும், வெயிலில் மின்னும். கறுப்புப் பருத்தி நூல் எடுங்கள், தொப்பிக்கு அது தாங்கும். நரம்புதான் இருக்கிறது என்றால் 0.20 மி.மீ. போதும், கறுப்பு மார்க்கரால் இரண்டு தடவை தடவி, சூரியன் கேமராவுக்குப் பின்னால் இருக்கும்படி நில்லுங்கள். வெறும் வானத்தின் முன் எந்த நூலும் தெரியும். வலை குவித்த இடம், படகுகளின் பக்கவாட்டு, ஓட்டுக்கூரை மாதிரி நெருக்கடியான பின்னணி நல்லது. ஒரு தொப்பிக்கு ஒரு நூல் என்றால் பம்பரமாய்ச் சுழலும்; விளிம்பில் இரண்டு இடத்தில் கட்டி, இரண்டையும் ஒரு மூங்கில் கழியில் ஒரு சாண் இடைவெளியில் முடியுங்கள். ஜெர்மன்காரர் ரிக்டரின் அந்தத் தொப்பிப் படம், 'காலைநேரப் பேய்கள்', 1928ல் வந்தது. ஹிண்டமித் இசையமைத்த அதன் ஒலிப்பிரதியை நாஜிகள் அழித்துவிட்டார்கள், இன்று கிடைப்பது மௌனப் பிரதி.

கேள்வி: இவையெல்லாமே சர்ரியலிசப் படங்களா?
- ஜெ., எம்.கே.பி. நகர்

பதில்: இல்லை. கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோனின் சர்ரியலிச அறிக்கை 1924 அக்டோபரில் வந்தது. மான் ரேயின் 1923 படமும் 'ஆந்த்ராக்ட்'டும் சர்ரியலிசத்துக்கு முந்தைய கலகக் கலை இயக்கமான டாடா கும்பலின் குறும்பு. ஜெர்மைன் துலாக் எடுத்த 'சிப்பியும் பாதிரியாரும்' (1928) முதல் சர்ரியலிசப் படம் என்ற பட்டத்துக்குப் பொருத்தமானது, ஆனால் கூச்சல் போட்ட 'ஆந்தலூ' பெயரைத் தட்டிக்கொண்டு போனது. துலாக் படத்தைப் பிரிட்டிஷ் தணிக்கை தடுத்தபோது சொன்ன காரணம் இது: ஏறக்குறைய ஒன்றுமே புரியவில்லை, ஏதாவது அர்த்தம் இருந்தால் அது நிச்சயம் ஆட்சேபத்துக்குரியதுதான்.

கேள்வி: தாத்தா மின்ட் பக்கம் சினிமாக் கொட்டகையில் வேலை பார்த்தவர். பரணில் துருப்பிடித்த டின்னில் ஒரு சுருள் இருக்கிறது, புளித்த வாடை வருகிறது. ஓட்டிப் பார்க்கலாமா?
- வண்ணாரப்பேட்டை வாசகி

பதில்: ஓட்டாதீர்கள் அம்மா. முதலில் அகலத்தைப் பாருங்கள். 35 மி.மீ. என்றால், 1950களின் தொடக்கத்துக்கு முந்தைய சுருள் நைட்ரேட்டாக, அதாவது சட்டென்று தீப்பற்றும் வகையாக, இருக்கலாம். ஓரத்தில் பொடி எழுத்தில் 'சேஃப்டி' என்று அச்சாகியிருந்தால் பெரும்பாலும் பயமில்லை, 'நைட்ரேட்' என்றிருந்தால் தீவிரமான விஷயம். 16 மி.மீ., 8 மி.மீ. சுருள்கள் நடைமுறையில் சேஃப்டி வகைதான். வினிகர் வாடை அசிடேட் (சேஃப்டி வகை) சிதைவின் அறிகுறி. அது நைட்ரேட் போல எளிதில் தீப்பற்றாது, ஆனால் பக்கத்துச் சுருளையும் கெடுக்கும், பிரித்து வையுங்கள். மூக்கைக் குத்தும் அமில வாடை, பழுப்பு நிறம், பிசுபிசுப்பு, கொப்புளம், பழுப்புப் பொடி இதெல்லாம் நைட்ரேட்.

நைட்ரேட் பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும், எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. துண்டு கிழித்துக் கொளுத்திச் சோதிப்பது வேண்டவே வேண்டாம். ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்குக் கீழே மே மாதம் வைப்பதும் அதே அளவு ஆபத்து. காற்றுப் புகாமல் பிளாஸ்டிக்கில் சுற்றாதீர்கள், வாயு உள்ளேயே தங்கிச் சிதைவை முடுக்கும். அடுப்பிலிருந்து தள்ளி, தரைத்தளத்தில் குளுமையான இடத்தில் தனியாக வையுங்கள். கூரியரில் அனுப்பாதீர்கள். டின்னின் வெளிப்புறத்தையும் சுருளின் ஓர எழுத்தையும் படம் எடுத்து, புனேயில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு எழுதிக் கேளுங்கள். தென்னகத்தின் முதல் கதைப்படம் எனப்படும், நடராஜ முதலியாரின் 'கீசகவத'த்திலேயே ஒரு அடி மிஞ்சவில்லை. பிரதி இல்லாத ஊரில் பரண் டின்னுக்கு மதிப்பு உண்டு.

கேள்வி: உள்ளங்கையில் எறும்பு வரும் காட்சியை எடுக்க வேண்டும். எறும்பு சொன்ன பேச்சைக் கேட்பதில்லை.
- கல்லூரி மாணவர்கள், பழைய வண்ணாரப்பேட்டை

பதில்: முதலில் இனத்தை மாற்றுங்கள். கட்டெறும்பு படத்தில் நன்றாகத் தெரியும், கடித்தால் நடிகர் கையை இழுத்துக்கொள்வார். பிள்ளையார் எறும்பு கடிக்காது, ஆனால் சிறிது. லென்சை 4 அங்குலம் நெருக்கிக் கையைச் சட்டகம் முழுக்க நிரப்புங்கள். எறும்பை மூடியில் துளையிட்ட டப்பாவில் போட்டு ஃபிரிட்ஜில் (ஃபிரீசரில் இல்லை) 5 நிமிடம் வைத்தால் மந்தமாகும். கையில் விட்டதும் சூட்டில் கொஞ்சம் கொஞ்சமாக வேகம் பிடிக்கும், உங்களுக்கு 1 நிமிடத்துக்கு மேல் நேரம் கிடைக்கும்.

துளைக்கு மெழுகையும் மாவையும் பிசைந்து ஒரு ரூபாய் அளவு வில்லை செய்து, நடுவில் குழி விட்டு, குழிக்குள் மட்டும் கறுப்புச் சாயமும் ஒரு சொட்டுச் சர்க்கரைப் பாகும் வையுங்கள். விளிம்பைத் தோலோடு இழைத்துவிடுங்கள். உள்ளங்கை ஓரத்தில், சட்டகத்துக்கு வெளியே, வாசலின் ஒரு கோடு. எறும்பு பெரும்பாலும் அதைத் தாண்டத் தயங்கும். விளக்கு பக்கவாட்டில் தாழ்வாக இருந்தால் ஒவ்வொரு எறும்புக்கும் நிழல் விழுந்து எண்ணிக்கை இரண்டு மடங்காகத் தெரியும். 15, 20 எறும்பு போதும். பாகு பட்ட கையோடு செல்பேசியைத் தொட்டால் இரவுக்குள் சார்ஜர் துளையில் குடும்பத்தோடு குடியேறிவிடும். பொத்தானை அழுத்த வேறொருவரை வையுங்கள்.